கண்ணன் முன்னால் இழுத்த அமாவாசை: அரவான் களப்பலிக் கதையை எப்படி வாசிப்பது?

அரவான் களப்பலியைப் பற்றி எழுதச் சொன்னால் நம் மாணவர்கள் பெரும்பாலும் இரண்டே வரியில் முடித்துவிடுவார்கள். "கண்ணன் தந்திரம் செய்து அமாவாசையை ஒரு நாள் முன்னதாக வரவழைத்தார். அதனால் பாண்டவர்கள் வென்றார்கள்." இதில் தப்பு ஒன்றும் இல்லை. ஆனால் கதையின் உயிர் அந்த இரண்டு வரிக்கு நடுவில்தான் இருக்கிறது. தந்திரம் என்று சொல்லிவிட்டால் எப்படிச் செய்தார், யாருடைய சம்மதத்தோடு செய்தார், யாருக்கு நட்டம் என்ற கேள்விகள் எல்லாம் அடங்கிப்போகும். திறனாய்வு தொடங்க வேண்டிய இடமே அதுதான்.

இக்கட்டுரை அந்த ஒரு நிகழ்ச்சியை மட்டும் எடுத்துக்கொள்கிறது. இலக்கியப் பாடம் எடுக்கும் ஆசிரியர்களுக்கும், எஸ்.பி.எம்., எஸ்.டி.பி.எம். தேர்வுக்குத் தயாராகும் மாணவர்களுக்கும், ஒரு கதையைச் சுருக்கிச் சொல்வதற்கும் திறனாய்வதற்கும் உள்ள தூரத்தைக் காட்ட இது நல்ல எடுத்துக்காட்டு.

கதைச் சுருக்கம்

கூத்து மரபிலும் வாய்மொழியிலும் வழங்கும் வடிவம் இது. பாரதப் போர் தொடங்கும் முன் களப்பலி கொடுக்க வேண்டும். முதலில் கொடுப்பவருக்கே வெற்றி. எந்த நாளில் கொடுப்பது என்று துரியோதனன் சோதிடம் அறிந்தவனைத் தேடிப் போகிறான். யாரிடம்? பகைவனின் தம்பி சகாதேவனிடம். சகாதேவன் பொய் சொல்லாதவன். வரும் அமாவாசையே உகந்த நாள் என்று சொல்லிவிடுகிறான். பலியாகும் தகுதி உள்ளவன் அர்ச்சுனனின் மகன் அரவான். துரியோதனன் அவனிடமே போய்க் கேட்கிறான். அவனும் வருகிறேன் என்று வாக்குக் கொடுக்கிறான்.

செய்தி கண்ணனுக்கு எட்டுகிறது. அமாவாசைக்கு முதல் நாளே, அதாவது சதுர்த்தசி அன்றே, ஆற்றங்கரையில் உட்கார்ந்து தர்ப்பணம் செய்யத் தொடங்குகிறார். கண்ணனே செய்கிறார் என்றால் இன்றுதான் அமாவாசை போலிருக்கிறது என்று முனிவர்களும் மற்றவர்களும் செய்கிறார்கள். வானத்தில் சூரியனுக்கும் சந்திரனுக்கும் குழப்பம். நாளைக்குத்தானே அமாவாசை, இன்றைக்கு எப்படித் தர்ப்பணம் என்று கேட்க இருவரும் சேர்ந்து இறங்கி வருகிறார்கள். கண்ணன் கேட்கிறார்: நீங்கள் இருவரும் ஒன்றாகச் சேரும் நாளுக்கு என்ன பெயர்? அமாவாசை. இப்போது இருவரும் ஒன்றாகத்தானே நிற்கிறீர்கள்? அப்படியானால் இன்றுதான் அமாவாசை!

அன்றே பாண்டவர் பக்கத்தில் அரவான் பலியாகிறான். மறுநாள் துரியோதனனின் பஞ்சாங்கத்தில் அமாவாசை இருந்தது. பலியாக வேண்டியவன்தான் இல்லை.

தமிழ் மண்ணில் விளைந்த கதை

மாணவர்கள் முதலில் குறித்துக்கொள்ள வேண்டியது இது. வியாசர் பாரதத்தில் அரவான் பலியாவதில்லை. போரில் இறங்கிச் சண்டை போடுகிறான். எட்டாம் நாள் அலம்புசன் என்ற அரக்கனின் கையால் மடிகிறான். களப்பலி தமிழ் மரபில் வரும் பகுதி. 9ஆம் நூற்றாண்டில் பெருந்தேவனார் பாடிய பாரத வெண்பாவிலேயே அரவான் களப்பலி இடம்பெறுகிறது. வில்லிபுத்தூராரிடமும் இருக்கிறது. திரௌபதி அம்மன் கோயில் கூத்துகளில் அது ஓர் இரவு முழுக்க ஆடப்படும் கதையாக வளர்ந்தது. கூவாகத்தில் அரவான் கூத்தாண்டவர் என்ற பெயரில் தெய்வமாகவே நிற்கிறான்.

இதிலிருந்து ஒரு கேள்வி பிறக்கிறது. மூலத்தில் போர்க்களத்தில் வீரமரணம் அடைந்தவனைத் தமிழ்க் கதை ஏன் போருக்கு முன்பே பலிபீடத்துக்குக் கொண்டுவந்தது? இதற்கு ஒற்றை விடை கிடையாது. ஆனால் ஒன்று சொல்லலாம். வீரமரணத்தில் கேள்வி கேட்க ஒன்றும் இல்லை, புகழ்ந்துவிட்டுப் போகலாம். பலியில் கேள்வி வரும். யார் கேட்டார்கள், யார் கொடுத்தார்கள், நாள் குறித்தது யார் என்று வரும். தமிழ்க் கதை தெரிந்தே அந்தக் கேள்விகளுக்கு இடம் வைத்திருக்கிறது.

நிறுத்துவது, மறைப்பது, பெயர் மாற்றுவது

காலத்தில் கை வைக்கும் கதைகள் நம்மிடம் குறைச்சல் இல்லை. மூன்றை அருகருகே வைத்துப் பார்த்தால் அரவான் கதையின் தனித்தன்மை விளங்கும்.

முதலாவது நளாயினி. விடிந்தால் கணவன் இறப்பான் என்று முனிவர் சாபம் இடுகிறார். அப்படியானால் விடியவே வேண்டாம் என்கிறாள் அவள். சூரியன் உதிக்கவில்லை. இங்கே காலம் நிறுத்தப்படுகிறது. அதற்கு அவள் வைத்திருந்த கருவி அவளுடைய சொல் மட்டும்தான்.

இரண்டாவது சயத்திரதன் வதம். பதினான்காம் நாள் போர். பொழுது சாய்வதற்குள் அவனைக் கொல்லாவிட்டால் தீப்புகுவேன் என்பது அர்ச்சுனன் சபதம். கண்ணன் சக்கரத்தால் சூரியனை மறைத்தார் என்பது தமிழில் பரவலாக வழங்கும் வடிவம். பொழுது போய்விட்டது என்று நம்பிச் சயத்திரதன் தலையை நீட்டுகிறான், தலை போகிறது. இங்கே காலம் நிற்கவில்லை, மறைக்கப்பட்டது. ஏமாந்தது மனிதர்களின் கண்.

மூன்றாவது நம் கதை. இதில் சூரியன் நிற்கவும் இல்லை, மறையவும் இல்லை. ஒரு சடங்கு ஒரு நாள் முன்னதாகச் செய்யப்படுகிறது, அவ்வளவுதான். பிறகு நாளின் பெயர் மாறுகிறது. பெயர் மாறியதும் பலன் மாறுகிறது. மூன்றிலும் மிக அமைதியான மாயம் இதுதான், மிக ஆழமானதும் இதுதான். கூச்சல் இல்லை, இருள் இல்லை. ஆற்றங்கரையில் எள்ளும் தண்ணீரும் மட்டும்.

கண்ணனின் வாதம் எங்கே நிற்கிறது என்று பாருங்கள். அமாவாசை என்பது வடசொல். 'அமா' என்றால் சேர்ந்து, உடன் என்று பொருள். 'வாச' என்பது தங்குதல். சேர்ந்து தங்கும் நாள் என்பதே அச்சொல்லின் பொருள். வானியலிலும் அதுதான், சூரியனும் சந்திரனும் பூமியிலிருந்து பார்க்க ஒரே திசையில் வந்து சேரும் நேரம். கண்ணன் செய்தது அந்தச் சொல்லை அட்சரம் பிசகாமல் எடுத்துக்கொண்டதுதான். இருவரும் சேர்ந்தால் அமாவாசை என்றால், சேர வைத்துவிட்டால் போதுமே! ஒரு சொல்லின் இலக்கணமே இங்கே கதைப்பின்னலின் முடிச்சாக இருக்கிறது. தேர்வில் கதைப்பின்னல், உத்தி என்று கேட்டால் மாணவர்கள் இந்த இடத்தைத் தாராளமாக எடுத்துக்காட்டலாம்.

திதியும் நாளும் ஒன்றா?

வெறும் கற்பனை என்று இதை ஒதுக்கிவிடவும் முடியாது. பஞ்சாங்கம் புரட்டும் வீடுகளில் 'போதாயன அமாவாசை' என்ற குறிப்பைப் பார்த்திருப்பீர்கள். சில மாதங்களில் அது வழக்கமான அமாவாசைக்கு முதல் நாளில் வரும். மக்கள் வழக்கு அதைக் கண்ணன் செய்த தர்ப்பணத்தோடு இணைத்துச் சொல்கிறது.

கணக்குப்படி காரணம் வேறு. சூரியனுக்கும் சந்திரனுக்கும் இடையே 12 பாகை இடைவெளி கூடும் நேரம் ஒரு திதி. சந்திரன் எப்போதும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. அதனால் ஒரு திதி சுமார் 19 மணி நேரத்தில் முடியலாம், சுமார் 26 மணி நேரம் வரை நீளவும் செய்யலாம். நாள் என்பதோ ஒரு சூரிய உதயத்திலிருந்து மறு உதயம் வரை. இரண்டும் ஒட்டிப்போவதில்லை. திதி மத்தியானம் தொடங்கி மறுநாள் மத்தியானம் முடிந்தால் எந்த நாளை அமாவாசை என்பது? இந்த இடைவெளியில் மரபுகள் வேறுபடுகின்றன.

ஆக, இரண்டு நாளில் எது அமாவாசை என்ற சிக்கல் உண்மையிலேயே இருக்கிறது. கதை அந்தச் சிக்கலுக்குள் புகுந்து ஒரு காரணத்தைச் சொல்கிறது. இப்படிப்பட்டதை நாட்டார் வழக்காற்றில் காரணக் கதை என்போம். வானத்துக் கணக்கில் இருக்கும் சிறு இடுக்கு வழியாக ஒரு போரின் வெற்றியையே உள்ளே கொண்டுவந்துவிட்டது இந்தக் கதை. அந்தத் துணிச்சலை மெச்சத்தான் வேண்டும்.

சடங்கு பலித்ததா, செய்தவர் பலித்தாரா?

இனி விமர்சனத்துக்கு வருவோம். சேவல் கூவாவிட்டால் பொழுது விடியாதா என்று நம்மவர்கள் கேட்பார்கள். ஒருவர் செய்வதாலோ செய்யாததாலோ காலம் மாறாது என்பது பழமொழியின் தீர்ப்பு. இந்தக் கதையோ சேவல் கூவியதால் பொழுது விடிந்தது என்கிறது. எப்படி?

சோதனைக்கு ஒன்று கேட்டுப் பார்ப்போம். அன்று அந்த ஆற்றங்கரையில் ஊர் பேர் தெரியாத ஒரு கிழவர் நாள் தவறித் தர்ப்பணம் செய்திருந்தால் சூரியனும் சந்திரனும் இறங்கி வந்திருப்பார்களா? பக்கத்தில் இருந்தவரே, "என்ன பெரியவரே, நாள் தெரியலையா?" என்று சிரித்துவிட்டுப் போயிருப்பார். கண்ணன் செய்ததால் முனிவர்கள் பின்பற்றினார்கள். எல்லாரும் செய்ததால் அது தவறாகத் தெரியவில்லை. தவறாகத் தெரியாததால் வானமே ஐயப்பட்டு விளக்கம் கேட்க வந்தது. அந்த வருகையே சான்றாகிவிட்டது.

இந்தப் படிகளை வரிசையாகப் பாருங்கள். மாயம் எள்ளிலும் தண்ணீரிலும் இல்லை, செய்தவரின் தகுதியில் இருக்கிறது. இன்று என்ன நாள் என்று சொல்லும் அதிகாரம் யாரிடம் இருக்கிறதோ, அவரிடம் வெற்றியும் இருக்கிறது. சகாதேவனிடம் இருந்தது அறிவு. அவன் சொன்னது பொய்யாகவில்லை. அமாவாசையில் கொடுத்தால் வெற்றி என்றான், அமாவாசையில்தான் கொடுத்தார்கள். அவனுடைய வாய்மைக்குக் கீறல் விழாமலேயே துரியோதனன் தோற்கிறான். இந்த முரணை இத்தனை நேர்த்தியாகக் கட்டிய கதைகள் குறைவு.

துரியோதனன் பக்கத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். கதையில் அவன் பகைவனிடம் போய் முறையாகக் கேட்கிறான். பலியாகப் போகிறவனிடமும் முறையாகக் கேட்கிறான். சொன்ன நாளுக்காகக் காத்திருக்கிறான். இந்த ஒரு நிகழ்ச்சியில் விதிப்படி நடந்தவன் அவன்தான். அதை மறைக்காமல் வைத்திருப்பதே தமிழ்க் கதையின் பெருந்தன்மை. கண்ணன் நல்லவர், துரியோதனன் கெட்டவன் என்று மட்டும் எழுதும் விடை இதைப் பார்க்கத் தவறிவிடும்.

அரவானுக்குக் கிடைத்த காலம்

நாள் முன்னால் வந்ததில் பாண்டவருக்கு வெற்றி, துரியோதனனுக்கு ஏமாற்றம். அரவானுக்கு? அவன் வாழ்வில் ஒரு நாள் குறைந்தது. கதைச் சுருக்கம் எழுதும்போது யாரும் எண்ணாத ஒரு நாள்.

கூத்து மரபு அதை எண்ணியிருக்கிறது. பலிக்கு முன் அரவான் வரம் கேட்கிறான். திருமணம் ஆகாமல் சாகக் கூடாது என்கிறான். ஒரே இரவுக்கு மனைவியாக வர எந்தப் பெண்ணும் முன்வராதபோது கண்ணனே மோகினியாகி மணக்கிறார். போரைப் பார்க்க வேண்டும் என்றும் கேட்கிறான். வெட்டுண்ட தலை பதினெட்டு நாள் போரையும் பார்க்கிறது.

இந்த வரத்தை மாணவர்கள் ஆழ்ந்து படிக்க வேண்டும். ஒரு நாளைப் பறித்துக்கொண்டு பதினெட்டு நாள் தந்தார்கள். கணக்கில் லாபம்தான். ஆனால் உடம்பு இல்லை. தந்தை விழுந்தாலும் தாங்கக் கை இல்லை, ஓடிப்போகக் காலும் இல்லை. பார்க்க மட்டும் காலம் கிடைத்தது. காலம் கிடைப்பதும் அதை வாழக் கிடைப்பதும் வேறு வேறு என்று கதை சொல்லாமல் சொல்கிறது.

இன்னொரு நுட்பம். கதையில் பலி அமாவாசையில். கூவாகத்தில் கூத்தாண்டவர் விழாவோ சித்திரை முழுநிலவை ஒட்டி நடக்கிறது. அன்று தாலி கட்டிக்கொள்ளும் திருநங்கைகள் மறுநாள் தாலி அறுத்து ஒப்பாரி வைக்கிறார்கள். காரணம் எதுவாக இருந்தாலும் விளைவு கவனிக்கத்தக்கது. இருட்டில் முடித்துவிட்ட ஒரு சாவை மக்கள் ஆண்டுதோறும் நிலா வெளிச்சத்தில் அழுகிறார்கள்.

நம் மாநிலத்தில் இதை எப்படிக் கற்பிப்பது?

இதெல்லாம் எங்கேயோ குருட்சேத்திரத்தில் நடந்தது, எங்களுக்கு என்ன சார் என்று மாணவர் கேட்டால் பதில் பேராக்கிலேயே இருக்கிறது. ஈப்போ, செம்மோர், சுங்கை சிப்புட், கம்பார் பக்கம் தாத்தா பாட்டி உள்ள வீடுகளில் பெரட்டு என்ற சொல் இன்னும் உயிரோடு இருக்கிறது. விடியுமுன் மணி அடிக்கும். லயத்திலிருந்து எழுந்து ஓடி வரிசையில் நிற்க வேண்டும். கித்தா மரத்தில் விடியற்காலையில் பால் நன்றாக இறங்கும், வெயில் ஏறினால் குறைந்துவிடும். மரத்துக்கு ஒரு நேரம் இருந்தது உண்மை. ஆனால் மணியடிக்கும் கயிறு மரத்திடம் இல்லை, நிர்வாகத்திடம் இருந்தது.

அந்த மணிக்கும் மேலே வேறு கைகள் இருந்தன. 1942இல் ஜப்பானியர் வந்ததும் மலாயாக் கடிகாரங்கள் டோக்கியோ நேரத்துக்கு மாறின, ஒன்றரை மணி நேரம் முன்னே. 1945 வரை அப்படித்தான். அதே சூரியன், அதே மரம், கடிகாரம் மட்டும் வேறு தேசத்தைப் பேசியது. 1948 ஜூனில் சுங்கை சிப்புட்டில் தோட்டத் துரைமார் கொல்லப்பட்டு அவசரகாலம் வந்தபோது, எந்த நேரத்தில் வீட்டுக்கு வெளியே காலெடுத்து வைக்கலாம் என்பதையும் ஊரடங்கு உத்தரவு சொன்னது.

1981 டிசம்பர் 31 இரவு 11.30 மணிக்குத் தீபகற்ப மலேசியாவின் கடிகாரங்கள் அரை மணி நேரம் முன்னே தள்ளப்பட்டு, அப்போதே 1982 பிறந்தது. சபா, சரவாக்கோடு ஒரே நேரமாக இருக்க வேண்டும் என்பது காரணம். நல்ல காரணம்தான். ஆனாலும் நம் கதையின் வடிவம் அதில் தெரிகிறதா? சூரியன் அசையவில்லை. பெயர் அசைந்தது. உலகத்திலும் இதற்கு முன்னோடி உண்டு. 1582இல் போப் கிரகோரி நாட்காட்டியைத் திருத்தியபோது அக்டோபர் 4க்கு அடுத்த நாள் அக்டோபர் 15 ஆனது. நடுவில் இருந்த பத்துத் தேதிகளை யாரும் வாழவில்லை.

வகுப்பில் செய்து பார்க்க ஒரு சின்னப் பயிற்சி. திங்கட்கிழமை இராகு காலம் 7.30 முதல் 9.00 என்று எல்லாருக்கும் மனப்பாடம். அது 6 மணிக்குச் சூரியன் உதிக்கும் என்று வைத்துக்கொண்டு பகலை எட்டாகப் பிரித்து, இரண்டாம் பங்கைச் சொல்லும் கணக்கு. ஈப்போவில் சூரியன் 7 மணியை ஒட்டித்தான் உதிக்கிறது. 7.10க்கு உதிக்கும் ஒரு நாளை எடுத்துக்கொண்டால் இரண்டாம் பங்கு 8.40க்குத் தொடங்கும். அப்படியானால் 7.30க்கு வாசலில் தயங்கி நிற்பவர் எந்த ஊர் நேரத்துக்குப் பயப்படுகிறார்? நம்பிக்கையைக் கேலி செய்ய இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டாம். நாளைக் குறிப்பது வானமா, வழக்கமா, அதிகாரமா என்று மாணவரே பிரித்துப் பார்க்கட்டும். பார்த்தபின் கண்ணனின் தர்ப்பணத்துக்குத் திரும்பினால், தந்திரம் என்ற ஒற்றைச் சொல்லோடு நிறைவடைய மாட்டார்கள்.

ஓர் எச்சரிக்கை. தோட்டத்து மணியும் அரவான் பலியும் ஒன்றேதான் என்று விடைத்தாளில் எழுதிவிடக் கூடாது. ஒப்புமை வெளிச்சம் காட்டத்தான், சான்றாக நிற்காது. கதையில் அரவான் மனம் ஒப்பியே பலியாகிறான். கடிகாரம் மாறியபோது பால்வெட்டுக்காரரை யாரும் ஒப்புதல் கேட்கவில்லை. ஒற்றுமையோடு இந்த வேற்றுமையையும் எழுதும் மாணவருக்குத்தான் உயர்ந்த புள்ளி.

தேர்வு நோக்கில் சில குறிப்புகள்

கதைமாந்தர் பண்பு கேட்டால் சகாதேவனை விட்டுவிடாதீர்கள். ஓரிரு வரி பேசுபவன்தான் இந்தக் கதையைத் திருப்பிவிடுகிறான். உத்தி கேட்டால் சொற்பொருளை வைத்துக் கட்டிய முடிச்சைச் சொல்லுங்கள். முரண் கேட்டால் விதிப்படி நடந்தவன் தோற்பதைக் காட்டுங்கள். கருத்துரைக்கச் சொன்னால் இரு பக்கமும் எழுதுங்கள். அறம் வெல்ல அந்த ஒரு நாள் தேவைப்பட்டது என்பது ஒரு பக்கம். வெற்றிக்கு விலை கொடுத்தவன் அதை முடிவு செய்தவன் அல்லன் என்பது மறுபக்கம். எந்தப் பக்கம் நின்றாலும் கதையிலிருந்து காரணம் காட்டுங்கள்.

கலந்துரையாட மூன்று வினாக்கள்:

1. சகாதேவன் துரியோதனனுக்கு உண்மையைச் சொன்னது சரியா? அவன் மௌனமாக இருந்திருந்தால் கதை எப்படி நகர்ந்திருக்கும்?

2. நளாயினி, சயத்திரதன், அரவான் ஆகிய மூன்று கதைகளிலும் காலத்தை மாற்றும் முறை எவ்வாறு வேறுபடுகிறது? எதில் யாருக்கு இழப்பு?

3. அரவானின் தலை பதினெட்டாம் நாள் மாலையில் ஒரே ஒரு வாக்கியம் பேசலாம் என்றால் யாரிடம் பேசும், என்ன சொல்லும்?

மூன்றாவது வினாவுக்கு விடைத்திட்டம் கிடையாது. ஆசிரியர்கள் அதைக் கடைசியில் கேளுங்கள். அதுவரை வாயே திறக்காத மாணவர் ஒருவர் அதற்குக் கை தூக்கக்கூடும்.